அழியாமல் காணாமற்போனவை

கணினியின் இயங்குதளம் புதுப்பிக்கப்படும்போது அதில் அதுவரை இருந்த விளையாட்டுகளில் சில காணாமற்போவதும், அவற்றைக் கேட்டு வருவோருக்கு 'அதெல்லாம் போய்விட்டது, வேண்டுமானால் புதிதாகப் போட்டுக்கொள்ளலாம்' என்று விடை சொல்லப்படுவதும் தமிழ்நாட்டின் ஊர்தோறும் நெடுங்காலமாக நடந்துவருபவை. இந்த விடையின் இரு பாதிகளும் பெரும்பாலும் பிழையானவை. போனதாகச் சொல்லப்படும் ஆட்டம் பல நேரங்களில் வட்டின் ஏதோ ஒரு மூலையில் முழுமையாகவே கிடக்கிறது. புதிதாகப் போடப்படும் ஆட்டமோ, பெயரும் தோற்றமும் மாறாமல் இருந்தாலும், போனதற்கு ஈடாவதில்லை, ஏனெனில் விளையாடியவர் அதற்குள் சேர்த்துவைத்திருந்த எதுவும் அதில் இல்லை. எதை மீட்க வேண்டும் என்பது தெளிவான பிறகே எப்படி மீட்பது என்ற கேள்விக்குச் சரியான விடை கிடைக்கும்; இந்த வரிசை தலைகீழாக நடப்பதனால் மீட்கக்கூடியவையும் இழக்கப்படுகின்றன.

இயங்குதளம் என்பது கணினியின் வன்பொருளுக்கும் அதன்மேல் ஓடும் மற்ற நிரல்களுக்கும் நடுவே நின்று, நினைவகம், வட்டு, திரை, விசைப்பலகை ஆகியவற்றை நிரல்களுக்குப் பங்கிட்டுக் கொடுக்கும் அடிப்படை மென்பொருள். அதை மாற்ற இரண்டு வழிகள் உண்டு. இருப்பதன்மேலேயே புதிய பதிப்பை ஏற்றுவது ஒரு வழி. இதில் பயனரின் கோப்புகளும் பெரும்பாலான நிரல்களும் தங்கிவிடும். வட்டின் ஒரு பிரிவை முழுக்கத் துடைத்துவிட்டுப் புதிதாக நிறுவுவது மற்றொரு வழி. கடைத்தெருவின் பேச்சில் இதற்கு 'ஃபார்மேட் அடிப்பது' என்று பெயர். சென்னையின் மேற்குப் புறநகரில், அம்பத்தூரை ஒட்டிய மேனாம்பேடு போன்ற குடியிருப்புகளில், இரண்டாவது வழியே வழக்கமாக இருந்துவந்தது; பழுதுபார்ப்பவருக்கு நேரம் மிச்சம், வைரஸும் அதோடு ஒழியும். இங்குள்ள வீடுகளுக்குக் கணினி வந்து சேர்ந்த வழிகளும் பல. ரிச்சி தெருவில் உதிரிகள் வாங்கிக் கோத்த 'அசெம்பிள்' கணினி, தொழிற்பேட்டையின் அலுவலகங்கள் பயன்படுத்திக் கழித்த கணினி, அரசு மாணவர்களுக்கு வழங்கிய மடிக்கணினி என மூன்றையும் குறிப்பிடலாம். ஆட்டம் காணாமற்போகும் விதம் இம்மூன்றிலும் வேறுபடுகிறது.

முதலில், ஓர் ஆட்டம் கணினியில் 'நிறுவப்பட்டிருக்கிறது' என்பதன் பொருளைப் பார்க்க வேண்டும். நிறுவப்பட்ட ஆட்டத்தில் தன்மையால் வேறுபட்ட சில அடுக்குகள் இருக்கின்றன. ஆட்டத்தின் நிரலும் படங்களும் ஒலிகளும் ஒரு கோப்புறையில் இருக்கும். அந்தக் கோப்புறை எங்கே இருக்கிறது, எந்தப் பதிப்பு, எந்த உரிம எண் என்ற விவரங்கள் விண்டோஸின் மையப் பதிவேடான ரெஜிஸ்ட்ரியில் எழுதப்பட்டிருக்கும். தொடக்கப் பட்டியலிலும் முகப்புத் திரையிலும் அதைச் சுட்டும் குறுக்குவழிகள் இருக்கும். டைரக்ட்எக்ஸ் போன்ற பொது நூலகக் கோப்புகள் இயங்குதளத்தின் வசம் இருக்கும். விளையாடியவர் எட்டிய கட்டம், எடுத்த புள்ளி, இட்ட பெயர் ஆகியவை வேறொரு மூலையில் சேமிக்கப்பட்டிருக்கும். நம் கடைக்காரர்கள் வட்டைப் பிரிக்கும்போது சி, டி, இ என்று மூன்றாகப் பிரிப்பதும், இடம் அடைக்கும் ஆட்டங்களை டி பிரிவில் நிறுவுவதும் வழக்கம். ஃபார்மேட் அடிக்கும்போது துடைக்கப்படுவது சி பிரிவு மட்டுமே. எனவே டி பிரிவில் ஆட்டத்தின் கோப்புறை ஒரு பைட்டும் குறையாமல் இருக்க, சி பிரிவில் இருந்த பதிவேடும் குறுக்குவழிகளும் மட்டும் இல்லாமற்போகின்றன. நிலம் எல்லைக்கல் மாறாமல் அதே இடத்தில் கிடக்க, சிட்டாவில் மட்டும் உரிமையாளர் பெயர் விடுபட்டுப்போனால் அந்த நிலத்துக்கு என்ன நேருமோ அதுவே இந்த ஆட்டத்துக்கும் நேர்கிறது: அது இருக்கிறது, ஆனால் இருப்பதாக எந்தக் கணக்கும் சொல்லாது.

இவ்வகை இழப்புக்குத் தீர்வு எளிது. கோப்புறையைத் திறந்து, இஎக்ஸ்இ என்ற பின்னொட்டுள்ள இயக்கக் கோப்பை நேரடியாக ஓட்டிப் பார்த்தாலே பழைய ஆட்டங்களில் பல திறந்துவிடும். பதிவேட்டில் தன் பெயர் இல்லை என்று ஆட்டம் மறுத்தால், சேமித்த கோப்புகளைப் படியெடுத்து வைத்துக்கொண்டு, நிறுவியை மீண்டும் ஓட்டி, முன்பிருந்த அதே கோப்புறையையே இலக்காகக் காட்டலாம். ஸ்டீம் போன்ற விற்பனைத் தளங்களின் ஆட்டங்களில் இது இன்னும் சுலபம். அந்தத் தளத்தின் நிரலை மட்டும் மறுபடி நிறுவி, டி பிரிவிலுள்ள பழைய தொகுப்பைச் சுட்டினால், அது கோப்புகளைச் சரிபார்த்துவிட்டுப் பதிவிறக்கம் ஏதுமின்றி அவற்றை ஏற்றுக்கொள்ளும். பல ஜிபி அளவுள்ள ஆட்டத்தை, டேட்டா தீர்ந்துபோகும் என்ற கவலையோடு மறுபடி இறக்க வேண்டிய தேவை இல்லை. எளிய இந்தச் செய்தி வீடுகளைச் சென்றடையாதது வருந்தத்தக்கது.

கழித்த அலுவலகக் கணினிகளின் நிலை வேறு. அவற்றில் பெரும்பாலும் தொழில் பயன்பாட்டுக்கான விண்டோஸ் பதிப்புகள் இருக்கும். விண்டோஸ் 7 புரொஃபஷனல் பதிப்பில் சாலிட்டர், மைன்ஸ்வீப்பர், ஃப்ரீசெல் முதலிய ஆட்டங்கள் வட்டில் இருந்தும் முடக்கிவைக்கப்பட்டே வந்தன. வீட்டில் விண்டோஸ் எக்ஸ்பி பயன்படுத்திப் பழகியவர் அலுவலகத்திலிருந்து வந்த கணினியில் 7 ஏற்றப்பட்டிருப்பதைக் கண்டு, ஆட்டங்கள் நீக்கப்பட்டுவிட்டதாக எண்ணுவார். கண்ட்ரோல் பேனலில் நிரல்கள் என்ற பகுதிக்குள் விண்டோஸின் அம்சங்களை இயக்கவும் அணைக்கவும் உதவும் பட்டியல் ஒன்று உண்டு. அதில் 'கேம்ஸ்' என்ற கட்டத்தில் குறியிட்டால் எல்லாம் திரும்பிவிடும். காணாமற்போகாததைத் தேடும் இந்த வகையில் மட்டும் மீட்பு என்பது ஒரு சொடுக்கோடு முடிந்துவிடுகிறது.

உண்மையாகவே நீக்கப்பட்ட ஆட்டங்களின் வரலாறு நீண்டது. சாலிட்டர் 1990இல் விண்டோஸ் 3.0உடன் வந்தது; அதை எழுதிய வெஸ் செர்ரி அப்போது மைக்ரோசாஃப்டில் பயிற்சி ஊழியர், சீட்டுகளின் உருவத்தை வரைந்தவர் சூசன் கேர். மைன்ஸ்வீப்பர் 1992இல் விண்டோஸ் 3.1இல் சேர்ந்தது. இந்தியாவில் எக்ஸ்பி காலத்தில் பரவலாக விளையாடப்பட்ட பின்பால் என்னும் பந்தாட்டத்தை சினிமட்ரானிக்ஸ் என்ற நிறுவனம் 1995இல் விண்டோஸ் 95க்கான கூடுதல் தொகுப்பு ஒன்றுக்காக ஆக்கியது. அது எக்ஸ்பிக்கு அடுத்து வந்த விண்டோஸ் விஸ்டாவில் இல்லாமற்போனதற்கான காரணத்தை மைக்ரோசாஃப்டின் நிரலாளர் ரேமண்ட் சென் 2012இல் விளக்கினார்: நிரலை 64-பிட் முறைக்கு மாற்றியபோது பந்து மோதுவதைக் கணக்கிடும் பகுதி பிசகியது, பந்து தடைகளை ஊடுருவிக்கொண்டு போனது, வேறு நிறுவனத்தவர் விளக்கக் குறிப்பின்றி எழுதிய நிரலில் பிழை எங்கே என்று கண்டுபிடிக்க இயலவில்லை, எனவே ஆட்டமே விடப்பட்டது. எக்ஸ்பி வட்டிலிருந்து அதன் கோப்புறையைப் படியெடுத்துப் புதிய விண்டோஸில் வைத்தால் பழைய 32-பிட் நிரல் இன்றும் ஓடும் என்பதும், 2021இல் ஆர்வலர் ஒருவர் அந்த நிரலைப் பின்னோக்கிப் பகுத்து மூலநிரலாக மீட்டெழுதி, வேறு இயங்குதளங்களிலும் ஓடும்படி செய்தார் என்பதும் இதோடு சேர்த்து அறிய வேண்டியவை.

2012 அக்டோபரில் வந்த விண்டோஸ் 8 எல்லா ஆட்டங்களையும் தொகுப்பிலிருந்து நீக்கியது. 2015 ஜூலை 29இல் வெளியாகி, ஓராண்டுக்கு இலவச மேம்பாடாகத் தரப்பட்ட விண்டோஸ் 10, ஏழாம் பதிப்பின்மேல் ஏற்றப்படும்போது அதிலிருந்த சாலிட்டர், மைன்ஸ்வீப்பர், ஹார்ட்ஸ் ஆகியவற்றை நீக்கிவிடும் என்று அந்நிறுவனமே அறிவித்திருந்தது. அவற்றுக்கு மாற்றாக வந்த சீட்டாட்டத் தொகுப்பில் விளம்பரங்கள் இடம்பெற்றன. அவை வேண்டாம் என்றால் சந்தா கட்ட வேண்டும். முழுமையாகக் கையில் இருந்த ஒன்றை எடுத்துக்கொண்டு, அதே பெயரில், காசு கட்டினால் மட்டுமே அமைதியாக விளையாடத்தக்க மற்றொன்றைத் தருவதை மேம்பாடு என்று அழைப்பது பொருந்தாது. இங்கும் மீட்பு இயலும், ஆனால் நுணுக்கம் தேவை. எக்ஸ்பி காலத்துச் சாலிட்டர் சிறிய இயக்கக் கோப்பு ஒன்றும் சீட்டுப் படங்களைக் கொண்ட நூலகக் கோப்பு ஒன்றுமாக இரண்டே கோப்புகளால் ஆனது. அவை இரண்டையும் ஒரே கோப்புறையில் வைத்தால் விண்டோஸ் 10இலும் ஓடும். விண்டோஸ் 7இன் ஆட்டங்கள் அப்படியல்ல. அவை திறக்கும்போதே இயங்குதளத்தின் பதிப்பைச் சோதித்து, வேறாக இருந்தால் ஓட மறுக்கும். அந்தச் சோதனையை நீக்கித் திருத்திய தொகுப்புகள் இணையத்தில் உலவுகின்றன; யார் திருத்தியது என்று தெரியாத இயக்கக் கோப்பை வீட்டுக் கணினியில் ஓட்டுவதன் இடர், ஆட்டம் இல்லாமலிருப்பதைவிடப் பெரிது.

குறுவட்டிலிருந்து நிறுவப்பட்ட ஆட்டங்களின் கதை இன்னும் சிக்கலானது. 2000ஆம் ஆண்டில் வெளிவந்த புராஜெக்ட் ஐஜிஐ, 2003இல் கணினிக்கு வந்த ஜிடிஏ வைஸ் சிட்டி, ரோடு ரேஷ், ஏஜ் ஆஃப் எம்பயர்ஸ் ஆகியவை பிரவுசிங் சென்டர்கள் வழியாகவும் பர்மா பஜாரின் குறுவட்டுகள் வழியாகவும் சென்னைப் புறநகரின் ஒரு தலைமுறையைச் சென்றடைந்தன. அசல் குறுவட்டுகளில் சேஃப்டிஸ்க் போன்ற படியெடுப்புத் தடுப்பு முறைகள் இருந்தன. தடுப்பு முறை என்பது, வட்டு அசலானதுதானா என்று இயங்குதளத்தின் ஆழத்திலிருந்து சரிபார்க்கும் ஒரு துணைநிரல். அந்தத் துணைநிரலே கணினிக்குள் புக ஒரு பாதுகாப்பு ஓட்டையாக அமைந்துவிட்டதால், விண்டோஸ் 10 அதை ஏற்கவில்லை; 2015 செப்டம்பரில் வந்த பாதுகாப்புத் திருத்தம் ஒன்று விஸ்டா, 7, 8 ஆகியவற்றிலும் அதை முடக்கியது. விலை கொடுத்து வாங்கிய அசல் வட்டு ஒரு நாள் காலையில் ஓடாமற்போக, தடுப்பு நீக்கப்பட்டுப் பஜாரில் விற்ற படி மட்டும் தொடர்ந்து ஓடியது. உரிமையைக் காக்கச் செய்த ஏற்பாடு நேர்மையாக வாங்கியவரையே தண்டித்த இந்த நிகழ்வை, ஆட்டங்களின் பாதுகாப்பு குறித்துப் பேசும் எவரும் மறக்கலாகாது.

இன்னும் பழைய ஆட்டங்களுக்கு வேறொரு தடை இருக்கிறது. விண்டோஸ் 3.1 காலத்தில் எழுதப்பட்டவை 16-பிட் நிரல்கள். செயலி ஒரே வீச்சில் கையாளும் எண்ணின் அகலத்தைக் குறிக்கும் அளவு இது. 64-பிட் விண்டோஸ் 16-பிட் நிரல்களை ஓட்டுவதில்லை. 32-பிட் பதிப்பே இல்லாமல் 2021இல் வெளிவந்த விண்டோஸ் 11இல் அவ்வழி முற்றிலும் அடைபட்டது. விண்டோஸுக்கு முந்தைய டாஸ் இயங்குதளத்தின் காலத்து டேவ், பிரின்ஸ் போன்ற ஆட்டங்களுக்கு டாஸ்பாக்ஸ் என்ற கட்டற்ற மென்பொருள் கைகொடுக்கிறது. அது பழைய கணினியையே புதிய கணினிக்குள் நிரலாக நடித்துக் காட்டுகிறது.

இவையனைத்தும் ஆட்டத்தை மீட்பது பற்றியவை. ஆட்டத்துக்குள் விளையாடியவர் விட்டுச்சென்றதை மீட்பது இவற்றைவிட முதன்மையானது, ஏனெனில் வைஸ் சிட்டியின் படிகள் உலகெங்கும் இலட்சக்கணக்கில் உள்ளன. ஒரு குறிப்பிட்ட வீட்டில் ஒரு குறிப்பிட்ட பையன் எட்டாம் வகுப்பு விடுமுறையில் அந்நகரத்தில் எட்டிய இடம் உலகில் ஒரே ஒரு கோப்பில் மட்டும் இருக்கிறது. அந்தக் கோப்பு ஆட்டத்தின் கோப்புறையில் இருப்பதில்லை. வைஸ் சிட்டி தன் சேமிப்புகளை டி பிரிவில் வைக்காமல் பயனரின் 'மை டாகுமெண்ட்ஸ்' கோப்புறைக்குள், அதாவது துடைக்கப்படும் சி பிரிவில், வைக்கிறது. எனவே கடையில் 'டி டிரைவில் இருப்பதைத் தொடவில்லை' என்று சொல்லப்படும் உறுதிமொழி உண்மையாக இருந்தும், இழக்கக்கூடாதது இழக்கப்பட்டிருக்கும்.

விஸ்டா முதற்கொண்டு இச்சிக்கல் மேலும் ஒரு மடிப்பு கண்டது. நிரல்களுக்கான பொதுக் கோப்புறையில் சாதாரணப் பயனர் எதையும் எழுதக்கூடாது என்ற விதியை விஸ்டா கண்டிப்பாக நடைமுறைப்படுத்தியது. அந்த விதி அறியாத பழைய ஆட்டங்கள் அங்கே சேமிக்க முயன்றபோது, அவை திகைத்து நிற்காதபடி, எழுதப்பட்டதைப் பயனரின் கோப்புறைக்குள் 'விர்ச்சுவல் ஸ்டோர்' என்ற மறைவான இடத்துக்கு இயங்குதளம் திருப்பிவிட்டது. ஆட்டம் தன் கோப்புறையிலேயே எழுதியதாக நினைத்தது. பயனரும் அப்படியே நினைத்தார். ஃபார்மேட் அடிப்பதற்கு முன் ஆட்டத்தின் கோப்புறை முழுவதையும் கவனமாகப் படியெடுத்து வைத்தவர்கள்கூடத் திரும்ப வைத்துத் திறந்தபோது முதல் கட்டத்திலிருந்தே தொடங்க வேண்டியிருந்ததன் காரணம் இதுவே.

எக்ஸ்பியின் மைன்ஸ்வீப்பர் இதற்கு நுண்மையான எடுத்துக்காட்டு. தொடக்கநிலை, இடைநிலை, வல்லுநர்நிலை என்ற மூன்று படிகளிலும் மிகக் குறைந்த நேரத்தில் முடித்தவரின் பெயரையும் நொடிகளையும் அது குறித்துவைத்தது. யாரும் முடிக்காத வரை 999 நொடிகள் என்றும் பெயரற்றவர் என்றும் காட்டியது. அக்குறிப்பு தனிக் கோப்பாக இல்லை. பயனருக்குரிய பதிவேட்டின் ஒரு கிளையில், மூன்று பெயர்களும் மூன்று எண்களுமாக இருந்தது. அப்பதிவேடு, வட்டில் பயனரின் கோப்புறைக்குள் என்டியூசர்.டாட் என்ற மறைகோப்பாகக் கிடக்கிறது. வட்டைத் துடைக்காமல் எக்ஸ்பி இருந்த பிரிவிலேயே விண்டோஸ் 7ஐ நிறுவியிருந்தால், பழைய இயங்குதளம் முழுவதும் விண்டோஸ்.ஓல்டு என்ற கோப்புறைக்குள் நகர்த்தப்பட்டிருக்கும். அதற்குள் அம்மறைகோப்பும் இருக்கும். புதிய விண்டோஸின் பதிவேட்டுத் திருத்தியில் பழைய பதிவேட்டுக் கோப்பை ஒரு கிளையாக ஏற்றிப் பார்க்கும் வசதி உண்டு. அதன்வழியே அந்த மூன்று பெயர்களையும் படிக்கலாம், வேண்டுமானால் புதிய பதிவேட்டுக்குக் கொண்டுவரலாம். இல்லாமற்போன அண்ணனோ தங்கையோ தாத்தாவோ தட்டச்சிட்ட ஒரு பெயர் அங்கே இருக்கக்கூடும் என்று எண்ணிப் பார்த்தால், ஃபார்மேட் என்ற செயலுக்கு முன் கேட்க வேண்டிய கேள்விகள் புகைப்படங்களோடும் ஆவணங்களோடும் நின்றுவிடக் கூடாது என்பது விளங்கும். இதில் காலமும் கணக்கில் வருகிறது: விண்டோஸ் 10 தொடக்கத்தில் விண்டோஸ்.ஓல்டு கோப்புறையை ஒரு மாதம் வைத்திருந்து நீக்கியது. 2016இன் மேம்பாட்டுக்குப் பிறகு அக்கெடு பத்து நாளாகச் சுருங்கியது.

அரசு மடிக்கணினிகள் இவற்றோடு சேர்த்துப் பேச முடியாத தனி வகை. விலையில்லா மடிக்கணினித் திட்டம் 2011 செப்டம்பர் 15 அன்று திருவள்ளூர் மாவட்டத்தில், காக்களூரில் தொடங்கிவைக்கப்பட்டது. அப்போது அம்பத்தூர் வட்டமும் அதைச் சேர்ந்த மேனாம்பேடும் அம்மாவட்டத்துக்குள்தான் இருந்தன, சென்னை மாவட்டத்தோடு அவை இணைந்தது 2018இல். முதல் ஆண்டில் மட்டும் ஒன்பது லட்சத்துக்கு மேற்பட்ட மாணவர்களுக்கு வழங்கத் திட்டமிட்ட அம்மடிக்கணினிகளில் இரண்டு இயங்குதளங்கள் அருகருகே நிறுவப்பட்டிருந்தன: ஒன்று விண்டோஸ், மற்றொன்று சி-டாக் என்ற மைய அரசு நிறுவனம் டெபியன் லினக்ஸை அடிப்படையாகக் கொண்டு உருவாக்கி 2007இல் வெளியிட்ட பாஸ் லினக்ஸ். கணினியை இயக்கியதும் எதற்குள் செல்வது என்று கேட்கும் தேர்வுப் பட்டியல் வரும்.

இப்படிப்பட்ட கணினியில் விண்டோஸை மறுபடி நிறுவினால், அது வட்டின் முதல் பகுதியில் இருக்கும் தொடக்கப் பதிவை அழித்துத் தன்னுடையதை எழுதிக்கொள்ளும். இன்னோர் இயங்குதளம் அங்கே இருக்கிறதா என்று அது பார்ப்பதில்லை. அதற்குப் பின் தேர்வுப் பட்டியல் வராது. பாஸ் லினக்ஸும் அதிலிருந்த ஆட்டங்களும், மாணவர் அதில் எழுதிய கோப்புகளும் வட்டில் தம் பிரிவிலேயே முழுமையாக இருக்கும். அங்கே செல்லும் வாசல் மட்டும் இருக்காது. ஓர் ஆட்டத்துக்கு நேர்வதாக மேலே விளக்கப்பட்டது இங்கே முழு இயங்குதளத்துக்கே நேர்கிறது. யுஎஸ்பி குச்சியிலிருந்து ஒரு லினக்ஸை ஓட்டி, கிரப் என்ற தொடக்க நிரலை மறுபடி எழுதினால் சில நிமிடங்களில் அது மீளும். ஆனால் பல வீடுகளில் நடந்தது வேறு: விண்டோஸ் கண்டுகொள்ளாத அந்தப் பிரிவு பயனற்ற இடம் என்று கருதப்பட்டு, அழிக்கப்பட்டு, படம் சேமிக்கும் இடமாக்கப்பட்டது.

அழிக்கப்படாமல் இருந்த இடங்களில் லினக்ஸின் ஒழுங்கு மீட்பை எளிதாக்கியது. டெபியன் வழிவந்த இயங்குதளங்களில் ஆட்டங்களின் இயக்கக் கோப்புகளுக்கென்றே தனிக் கோப்புறை உண்டு. பொதுவான புள்ளிப் பட்டியல்களுக்கு வேறொன்று உண்டு. பயனர் சேர்த்தவை யாவும் அவருடைய இல்லக் கோப்புறைக்குள், புள்ளியில் தொடங்கும் மறைகோப்புறைகளில் அடங்கும். எனவே இல்லக் கோப்புறையைத் தனிப் பிரிவாக வைத்திருப்பவர் இயங்குதளத்தை எத்தனை முறை மாற்றினாலும் ஆட்டத்தின் பொதிகளை மறுபடி நிறுவியதும் விட்ட இடத்திலிருந்து தொடர முடியும். நிரலையும் நிரலைப் பயன்படுத்தியவரின் உழைப்பையும் தொடக்கத்திலேயே வேறு வேறாகப் பிரித்து வைத்த வடிவமைப்பு இது. விண்டோஸ் உலகம் இந்தத் தெளிவுக்கு மெல்ல மெல்ல, அரைகுறையாகவே வந்து சேர்ந்தது.

சட்டம் இதில் எங்கே நிற்கிறது என்பதும் பொதுமக்கள் அறிய வேண்டியது. இந்தியப் பதிப்புரிமைச் சட்டம் 1957இன் 52ஆம் பிரிவு, மென்பொருளின் படி ஒன்றை முறையாக வைத்திருப்பவர், அது எந்த நோக்கத்துக்காகத் தரப்பட்டதோ அந்நோக்கத்துக்காகப் படியெடுப்பதையும் தகவமைப்பதையும், இழப்பும் சேதமும் நேராமல் காக்கும் தற்காலிக ஏற்பாடாகக் காப்புப்படி எடுப்பதையும் மீறலாகக் கருதுவதில்லை. 2012இன் திருத்தத்தால் சேர்ந்த 65ஏ பிரிவும், தடுப்பு முறையை உடைப்பதை உரிமையை மீறும் எண்ணத்தோடு செய்தால்தான் குற்றம் என்கிறது. அசல் குறுவட்டை வைத்திருப்பவர் அதன் படியை வட்டுப் பிம்பமாகச் சேமித்துவைப்பதற்கு இவை போதிய இடம் தருகின்றன. இணையவழி வாங்கப்படும் ஆட்டங்களில் இந்த இடம் சுருங்குகிறது. அங்கே வாங்கப்படுவது படியன்று, பயன்படுத்தும் உரிமம் மட்டுமே. யூபிசாஃப்ட் நிறுவனம் 2024 மார்ச் மாதத்தோடு த க்ரூ என்ற ஆட்டத்தின் வழங்கிகளை நிறுத்தியபோது, வாங்கியவர் அனைவரிடமும் அது ஓடாத கோப்பாயிற்று. 2025 முதல் நடைமுறைக்கு வந்த கலிஃபோர்னியச் சட்டம், விற்பது உரிமம்தான் என்பதை விற்பவர் வெளிப்படையாகச் சொல்ல வேண்டும் என்கிறது. சொல்லிவிட்டால் போதுமா என்பது அச்சட்டம் தொடாத கேள்வி.

அமெரிக்காவில் 2010க்கு முன் வெளிவந்த ஆட்டங்களில் 87 சதவீதம் இன்று எந்த வழியிலும் வணிகமுறையில் கிடைப்பதில்லை என்று விடியோ கேம் ஹிஸ்டரி ஃபவுண்டேஷன் 2023இல் வெளியிட்ட ஆய்வு கூறுகிறது. பழைய சரக்கைப் பாதுகாப்பது வணிகத்தின் வேலையாக எங்கும் இருந்ததில்லை. தமிழில் இதற்கு நல்ல முன்மாதிரி உண்டு. கோட்டையூர் ரோஜா முத்தையா செட்டியார் தனியொருவராகத் திரட்டியவற்றில் செவ்வியல் நூல்களோடு சினிமாப் பாட்டுப் புத்தகங்களும் நாடக நோட்டீசுகளும் மலிவுப் பதிப்புக் கதைகளும் இருந்தன. அன்று எவரும் நூலகத்துக்குரியவையாக மதிக்காத அந்தத் தாள்கள் இன்று தமிழ்ச் சமூக வரலாற்றை எழுதுவோருக்கு இன்றியமையாதவை. 1994இல் அத்தொகுப்பைக் கொண்டு நிறுவப்பட்ட ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகம் தரமணிக்குச் செல்லும் முன் முகப்பேரில், மேனாம்பேட்டுக்கு வெகு அருகில், இயங்கியது. அந்த நோட்டீசுகளுக்குக் கிடைத்த மதிப்பு, ஒரு தலைமுறைத் தமிழ்ப் பிள்ளைகளின் பொழுதுகள் கழிந்த இந்த நிரல்களுக்கும் கிடைக்க வேண்டும். 2011இல் வழங்கப்பட்ட மடிக்கணினிகளில் கை படாத ஒன்றின் வட்டை, இரண்டு இயங்குதளங்களோடும் அவற்றின் ஆட்டங்களோடும் அப்படியே பிம்பமாக எடுத்துப் பொதுக் காப்பகத்தில் வைப்பது ஒரு பிற்பகல் வேலை. மாணவர் பயன்படுத்திய மடிக்கணினி ஒன்றை, அவருடைய இசைவோடு, சேமிப்புக் கோப்புகளும் பெயர்களுமாகச் சேர்த்து வைத்தால் அது இன்னும் மதிப்புடையது.

இதைச் செய்வதற்கான காலம் இப்போது நெருக்குகிறது. 2020 ஜனவரி 14இல் விண்டோஸ் 7க்கும், 2025 அக்டோபர் 14இல் விண்டோஸ் 10க்கும் மைக்ரோசாஃப்டின் பொதுவான ஆதரவு முடிந்தது. ஸ்டீம் 2024 தொடக்கத்தில் விண்டோஸ் 7ஐக் கைவிட்டது. விண்டோஸ் 11 கேட்கும் பாதுகாப்புச் சில்லும் புதிய தலைமுறைச் செயலியும் 2011இன் மடிக்கணினிகளில் இல்லை. அவற்றை எடைக்குப் போடாமல் வைத்திருப்பவருக்குப் பாதுகாப்பான வழியாக எஞ்சியிருப்பது லினக்ஸ்தான். அதில் வைன் என்ற மென்பொருள், விண்டோஸ் நிரல்கள் எதிர்பார்க்கும் சேவைகளை லினக்ஸின் மேல் தானே செய்து கொடுக்கிறது. 1993இல் தொடங்கிய அத்திட்டத்தின் அடித்தளத்தின்மேல்தான் ஸ்டீம் 2018இல் புரோட்டான் என்ற தன் ஏற்பாட்டைக் கட்டியது. விண்டோஸ் 11 திறக்க மறுக்கும் 16-பிட் ஆட்டங்களை 64-பிட் லினக்ஸில் வைன் இன்றும் ஓட்டுகிறது; பழைய சாலிட்டரும் மைன்ஸ்வீப்பரும் அதில் திறக்கின்றன; அவை எழுதும் பதிவேட்டை அது இல்லக் கோப்புறைக்குள் எளிய உரைக் கோப்பாக வைப்பதால், அடுத்த முறை இயங்குதளம் மாறும்போது அந்தப் பெயர்களைத் தேடி எடுக்க ஓர் உரைத்திருத்தி போதும்.